புள்ளி ஏழு மீள்

சிந்துஜா வாசல் கதவைச் சாத்திக்கொண்டு போய் இரண்டு நிமிஷம் ஆகியிருக்குமா, அதுகூட இருக்காது. செருப்பு ஸ்டாண்டின் மேல் சுவரில் சாய்த்து வைத்திருந்த அளவுத் தட்டை எடுக்கப்போன சென்னியப்பனின் கை பாதியில் நின்றுவிட்டது. முள் புள்ளி ஏழில் நின்றுகொண்டிருந்தது. ஏழில் இல்லை. ஏழாக இருந்திருந்தால் தட்டைத் துணியில் சுற்றிப் பைக்குள் வைத்துவிட்டு, மத்தியான ஷிப்டுக்கு இன்னும் நேரம் கிடக்கிறதே என்று இரண்டாவது காபிக்குப் பாலைச் சுட வைத்திருப்பார். இது ஒன்றைக்கூட எட்டாத ஏழு. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார், கழற்றித் துண்டில் துடைத்துவிட்டுப் பார்த்தார், ஜன்னல் வெளிச்சம் ஏமாற்றுகிறதோ என்று தலையை அந்தப் பக்கம் இந்தப் பக்கம் சாய்த்துப் பார்த்தார்; முள்ளுக்கு அவர் மேல் ஒரு தயவும் இல்லை. வேண்டுமென்று வைத்த தட்டு அல்ல அது. முள் ஒட்டுகிறது என்று நிலையத்தில் ஒதுக்கிப் போட்டிருந்ததை, நம் கைக்கு அடங்காத தட்டா என்ற வீறாப்பில் வீட்டுக்குத் தூக்கி வந்து, நேற்று சாயங்காலம் துடைத்து எண்ணெய் விட்டு, பேட்டரி எத்தனை நேரம் தாங்குகிறது பார்ப்போம் என்று அப்படியே ஓட விட்டிருந்தார். காலையில் அணைக்க மறந்தாயிற்று. சொந்த வீட்டு வாசலில் தட்டைத் திறக்காதே என்பது அளவர் வேலையில் முதல் நாள் சொல்லிக்கொடுக்கிற பாடம். முப்பத்தொரு வருஷமாகப் புதிதாக வருகிறவர்களிடம் அதைச் சொல்லிச் சொல்லி வாய் தேய்ந்தவர் அவர். சொன்னவருக்கே மறந்துபோனது. மகள் கூந்தலில் கிளிப்பை மாட்டிக்கொண்டே தட்டுக்கு ஒரு முழம் தள்ளி நின்று, "போயிட்டு வர்றனுங்கப்பா" என்றாள். அவர் பேப்பரிலிருந்து தலையை எடுக்காமல், "செரி அம்மணி, பாத்துப் போயிட்டு வா" என்றார். தலையை எடுத்திருக்கலாம். இப்போது முதலில் குத்தியது அதுதான், எண்கூட இல்லை.

நம்மவர்கள் யாரும் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போவதில்லை. ஆஸ்பத்திரிக்குப் போனாலும் கோர்ட்டுக்குப் போனாலும் கடல் தாண்டிப் போனாலும் போயிட்டு வர்றேன்தான். அவசரத்தில் போறேன் என்று வாயில் வந்துவிட்டால், வீட்டில் இருப்பவர்கள் முறைப்பதற்குள் நாக்கைக் கடித்துக்கொண்டு வர்றேனைச் சேர்த்துவிடுவார்கள். சொல் எல்லோருக்கும் ஒன்று. ஆனால் அந்த வர்றேனுக்குள் வருவது எவ்வளவு இருக்கிறது என்பது ஆளுக்கு ஆள் வேறு என்று ஒரு புரொபசர் கண்டுபிடித்தார். வெண்கலத் தட்டில் பட்டுத் திரும்பும்போது அந்த ஒரு சொல் மட்டும் தனியாக நடுங்குகிறது என்று காட்டினார். நடுக்கத்தை அளக்க ஓர் அலகு வேண்டுமே, மீள் பிறந்தது அப்படித்தான். அடுப்பில் பாலை வைத்துவிட்டு எதிர்வீட்டில் ஒரு கரண்டி சர்க்கரை வாங்க ஓடுகிற பெண், உள்ளே இருப்பவரிடம் இதோ வந்துவிட்டேன் என்று சொல்வாள் அல்லவா, அது தட்டில் எவ்வளவு விழுகிறதோ அது பத்து மீள். மனிதக் குரலில் அதற்கு மேல் கிடையாது. பசும்பாலா எருமைப்பாலா, விறகடுப்பா கேஸ் அடுப்பா என்று கமிட்டி ஆறு மாதம் அடித்துக்கொண்டதாகச் சொல்வார்கள். கடைசியில் பசும்பால், கேஸ், சிம்மில் வைக்கக் கூடாது என்று முடிவானது. பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் எட்டு. ஆபீஸ் போகிறவர்கள் ஏழு, திங்கட்கிழமை மட்டும் ஆறரை. கல்யாணமாகிப் புருஷன் வீட்டுக்குக் கிளம்புகிற பெண் அழுகையோடு சேர்த்து நாலு. இரண்டுக்குக் கீழே போனால் சிவப்பு மையில் எழுதவேண்டும். லாரிக் கம்பெனிக்காரர்களும் ஹாஸ்டல்காரர்களும் ஆள் சேர்ப்பதற்கு முன்னால் அனுப்பி வைப்பார்கள். வீட்டு ஆள் ஒருவரை எதிரில் நிறுத்தி, தட்டின் முன்னால் விடைபெறச் சொல்லி, எண்ணை எழுதிக் கொடுப்பதுதான் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருக்கிற அந்த நிலையத்தில் சென்னியப்பனின் வேலை. கேட்டுக் கேட்டு அவர் காதே தட்டாகிப் போயிருந்தது. முள்ளைப் பார்க்காமலே அரை மீள் முன்பின்னாகச் சொல்லிவிடுவார். கல்யாண வீடுகளில் அவரிடம் சொல்லிக்கொண்டு கிளம்பவே சொந்தக்காரர்கள் கூசினார்கள். அப்பேர்ப்பட்ட காது இன்று காலை பேப்பரில் மின்தடை அறிவிப்பு படித்துக்கொண்டிருந்தது.

ஒன்றுக்குக் கீழே அவர் தன் கையால் எழுதியது பதினொரு தடவை. அந்தப் பதினொரு பேரில் ஒருவர்கூடத் திரும்பி வரவில்லை. இதை நினைக்கவேண்டும் என்று அவர் நினைக்கவில்லை, அது தானாக வந்து உட்கார்ந்தது. அதன் மேல் துணி போட்டு மூடுவதுபோல் வேறு வேறு காரணங்களை எடுத்துப் போட்டார். வாயில் கிளிப் இருந்தது. இல்லை, கையில் இருந்தது. ஆனால் ஒரு நொடி முன்னால் வாயில் இருந்திருக்கலாம். பக்கத்து வீட்டில் மிக்சி ஓடியது. தட்டு தஞ்சாவூர்ப் பேச்சில் பழக்கியது, நம் பக்கத்து வர்றனுங்கவில் வருகிற ங்க அதற்குப் பிடிபடாது. ஆனால் அதற்கான திருத்தம் புள்ளி மூன்றுதான், கூட்டினால் ஒன்று, ஒன்று மட்டும் என்ன பெரிதாக வாழ்ந்தது. முள் ஒட்டுகிறது. ஆமாம், ஒட்டுகிறது என்றுதானே வீட்டுக்கே வந்தது. இந்த நினைப்பு கொஞ்சம் தாங்கியது, எட்டே முக்காலுக்குக் கீரைக்கார நாச்சாத்தா கேட்டைத் தட்டுகிறவரை தாங்கியது. தட்டைத் தனியாக நின்று சோதிக்க முடியாது. போகிறவர் ஒருவர், இருக்கிறவர் ஒருவர் வேண்டும். சென்னியப்பன் முள்ளைப் பூஜ்யத்துக்குத் தள்ளிவிட்டு நாச்சாத்தாவைப் படியேறி வாசல்வரைக்கும் வரச்சொன்னார். "ஏனுங்ணா, இன்னைக்கு வேலைக்குப் போகலீங்களா?" என்றாள். மத்தியானந்தான் என்று சொல்லி வேண்டாத அரைக்கீரையில் இரண்டு கட்டு வாங்கினார். அவள் கூடையைத் தலைக்கு ஏற்றிக்கொண்டு, "செரிங்ணா, வரட்டுங்களா. நாளைக்கு மணத்தக்காளி கொண்டாறேன்" என்றதுதான் தாமதம், முள் ஒரு துள்ளு துள்ளி ஒன்பது புள்ளி ஆறில் போய் நின்றது. மழையோ வெயிலோ பன்னிரண்டு வருஷமாக ஒரு நாள் தவறாமல் வருகிறவள் நாச்சாத்தா. முள் ஒட்டவில்லை. எண்ணெய் விட்ட கை தன்னுடையது என்பதில் நேற்று இருந்த சந்தோஷம் இன்று இல்லை.

போனை எடுத்தார். மகள் நம்பருக்கு அம்மணி என்று பெயர் போட்டு வைத்திருந்தார். முதல் பெயரே அதுதான், தொட்டால் போதும். தொடவில்லை. கிளம்பிப் போகிறவரைப் பின்னாலிருந்து கூப்பிடக் கூடாது என்று எல்லா வீட்டிலும்தான் சொல்கிறார்கள். மற்ற வீட்டில் அது வெறும் சாஸ்திரம், அளவர் வீட்டில் அது பாடம். பின்விளி என்று அதற்கு ஓர் அத்தியாயமே உண்டு. விடைபெற்றவரை அவர் போய்ச் சேருவதற்குள் ஒரு தடவை கூப்பிட்டால் அளவு பாதியாகும், இன்னொரு தடவை கூப்பிட்டால் பாதியில் பாதி. புள்ளி ஏழில் பாதி எவ்வளவு என்று மனசு தன்பாட்டுக்குப் போட ஆரம்பித்தது. போடாதே என்று அதட்டுவதற்குள் போட்டு முடித்துவிட்டது. திருப்பூரில் கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிற வேலை சிந்துஜாவுக்கு, ஒன்பதே முக்காலுக்குப் போய்ச் சேருவாள். அதுவரைக்கும் கூப்பிடக் கூடாது. அதுவரைக்கும் அந்த பஸ் ரோட்டில் ஓடிக்கொண்டிருக்கவேண்டும். பஸ் என்று நினைத்ததும் பஸ் வந்துவிட்டது, கண்ணை மூடினாலும் திறந்தாலும் அதுதான். டிரைவர் ஒரு கையில் போன் பேசுகிறான், பைபாஸ் ஓரத்தில் லோடு லாரி ஒன்று பஞ்சராகி நிற்கிறது, ஜன்னலோரத்தில் தலை காயாமல் உட்கார்ந்திருக்கிற பெண் காதில் ஒயரை மாட்டிக்கொண்டு வெளியே பார்க்கிறாள், லாரியைப் பார்க்கவில்லை. சின்ன வயசில் அவளுக்கு பஸ்ஸில் வாந்தி வரும், எலுமிச்சம்பழம் ஒன்றை முகர்ந்துகொண்டே வருவாள், பழத்தை அவர்தான் பிடித்துக்கொள்ளவேண்டும். இப்போது யார் பிடித்துக்கொள்கிறார்கள். இது என்ன பேச்சு, இருபத்துநாலு வயசுப் பெண்ணுக்கு எலுமிச்சம்பழம். அப்போதுதான் தம்பி ஞாபகம் வந்தது. ஆறுக்குட்டிக்கு டோல்கேட்டுக்குப் பக்கத்தில் ஷெட், போர் போடுகிற ரிக் வண்டி நாலு ஓடுகிறது அவனுக்கு, திருப்பூர் பஸ் எல்லாம் அவன் வாசலைத் தாண்டித்தான் போகவேண்டும். அவனைக் கூப்பிட்டால் பின்விளி ஆகாது. மூளை இருக்கிறவனுக்கு வழியா இல்லை என்று அந்த நேரத்திலும் சின்னதாக ஒரு பெருமை.

"சொல்லுங்ணா" என்றான் ஆறுக்குட்டி. பின்னால் ரிக் இரைந்துகொண்டிருந்தது.

"ஒண்ணுமில்லீடா. எட்டேகால் திருப்பூர் பஸ்சு டோல்கேட்டைத் தாண்டிருச்சான்னு ஆரையாச்சும் பாக்கச் சொல்றியா?"

"ஏனுங்ணா, புள்ள அதுலதான போகும்?"

"ஆமா. காலைல அது சொல்லீட்டுக் கெளம்பறப்ப ஊட்டுல தட்டு ஓடிட்டு இருந்துது. புள்ளி ஏழு காட்டுது. எனக்கு மனசே செரியில்ல. பஸ்சு கிஸ்சு ஏதாச்சும்..."

இரைச்சல் நின்றது. ஆளுக்குக் கை காட்டி நிறுத்தச் சொல்லியிருப்பான்.

"புள்ளி ஏழுங்களா" என்றான். "புள்ள கையில என்னங்க கொண்டுட்டுப் போச்சு? எப்பவும் கொண்டுபோற பைதானுங்களா?"

"பைதான். ஏண்டா?"

"தனியாத்தான் பஸ் ஏறுச்சுங்களா?"

"பின்ன கூட ஆரு ஏறுவாங்க."

"செரிங்ணா. நான் பாத்துக்கறனுங்க. நீங்க ஆருக்கும் போன் பண்ண வேண்டாம். புள்ளைக்கும் பண்ணாதீங்க."

தம்பி பார்த்துக்கொள்கிறான் என்றதும் பாதி உயிர் திரும்பியது. ஆறுக்குட்டி அப்படிப்பட்டவன்தான், சொந்தத்தில் யாருக்காவது ஒன்று என்றால் சாப்பிடுகிற கையைக்கூடக் கழுவாமல் கிளம்புவான். சென்னியப்பன் முறத்தை எடுத்துவைத்துக்கொண்டு கீரை ஆய உட்கார்ந்தார். ஒரு காம்பைக் கிள்ளினார். பையை எதற்குக் கேட்டான். பஸ்ஸைப் பார்க்கச் சொன்னால் பையை எதற்குக் கேட்கிறான். இன்னொரு காம்பைக் கிள்ளினார். புள்ளைக்கும் பண்ணாதீங்க என்கிறான், பின்விளியைப் பற்றி அவனுக்கு என்ன தெரியும், இந்த அளவை எல்லாம் வேலையில்லாதவர்கள் செய்கிற வேலை என்று கேலி பண்ணுகிறவன் ஆயிற்றே. எழுந்து மகளின் அறைக்குப் போனார், காம்பு கையிலேயே இருந்தது. சுவரில் சார்ஜர் தொங்கிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்ததும் சிரிப்பு வந்துவிட்டது, தனியாக நின்று சத்தமாகவே சிரித்தார். திரும்பி வராதவள் சார்ஜரை விட்டுவிட்டா போவாள், இந்தக் காலத்துப் பிள்ளைகள் தலையை மறந்தாலும் அதை மறப்பார்களா. கட்டில் விரிப்பு ஒரு சுருக்கமில்லாமல் இழுத்துச் செருகியிருந்தது. அவள் அப்படிச் செய்கிற ஆள் இல்லை. மேஜை மேல் அவருடைய பிரஷர் மாத்திரைகள் இருந்தன. ஞாயிற்றுக்கிழமை தோறும் வாரத்துக்கு ஏழு பொட்டலமாகப் போட்டு வைப்பாள், இன்று வரிசை வரிசையாக இருந்தது, ஒவ்வொன்றின் மேலும் அவள் கையெழுத்தில் தேதி. எண்ணினார். அடுத்த மாதம் பதினெட்டாம் தேதி வரைக்கும் இருந்தது. எதற்கு இத்தனை என்று அந்தப் பொட்டலங்களிடமே கேட்டார். பீரோவைத் திறந்து, மனைவி சாந்தாமணியின் சேலைகளுக்கு அடியில் கையை விட்டார், மகளுடைய சர்ட்டிபிகேட் கவர் எப்போதும் அங்கேதான் இருக்கும். சேலைதான் இருந்தது, அதற்கு அடியில் மறுபடி சேலை, அதற்கு அடியில் பலகை. மேல் தட்டு, கீழ்த் தட்டு, லாக்கர். கவர் இல்லை. சார்ஜரை விட்டுப்போனவள் படிப்பை எடுத்துப் போயிருக்கிறாள்.

மீள் உயிரை அளப்பதில்லை. இது அவருக்குத் தெரியாத விஷயமில்லை, ஆறு வருஷமாகத் தெரியும், தெரிந்ததை எடுத்துப் பார்க்காமல் இருக்கவும் தெரியும். சாந்தாமணியை ஆபரேஷனுக்கு உள்ளே தள்ளிக்கொண்டு போனபோது அவர் கையைப் பிடித்து, "வந்தர்றனுங்க, அதுக்குள்ள நீங்க ரெண்டு இட்லி சாப்பிட்டுட்டு வாங்க" என்றாள். அவர் காது அதை அளந்தது, அளக்காமல் இருக்க அதற்குத் தெரியாது. ஒன்பது. ஒன்பதைக் கேட்ட தைரியத்தில்தான் கேண்டீனுக்குப் போய் இரண்டு இட்லி சாப்பிட்டார். அவள் வரவில்லை. புள்ளி நாலு காட்டிய லாரி டிரைவர் ஒருவன் ஹூப்ளியில் வேறு குடும்பத்தோடு சுகமாக இருக்கிறான் என்று பின்னால் தெரிந்தது. அவன் பெண்டாட்டி நிலையத்துக்கே தேடி வந்து, "அன்னைக்கே உங்க முள்ளு சொல்லிருச்சில்லீங்க, என்றகிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமுல்ல" என்று கேட்டாள், சத்தம்கூடப் போடவில்லை. சாகப்போகிறவள் ஒன்பது, வாழப்போகிறவன் புள்ளி நாலு. தட்டு அளப்பது மனசை. அப்படியானால் பஸ் எங்கேயும் கவிழவில்லை. பஞ்சரான லாரியும் இல்லை ஒன்றும் இல்லை. பிள்ளை உயிரோடு இருக்கிறாள், இந்த நிமிஷம் ஜன்னலோரத்தில் காற்று வாங்கிக்கொண்டு போகிறாள், யாரோ ஒருவன் அவளுக்காக எங்கேயோ ஒரு பஸ் ஸ்டாண்டில் நின்றுகொண்டிருக்கிறான், அவ்வளவுதான் விஷயம். சென்னியப்பனுக்குச் சந்தோஷமாக இருந்தது. வெட்கமில்லாத சந்தோஷம், கட்டிலில் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொள்கிற அளவுக்கு. கோபம் வரும் என்று காத்திருந்தார், வரவேண்டும் அல்லவா, அப்பனுக்கு வரவேண்டிய கோபம், ஊர் என்ன சொல்லும், எந்த ஜாதியோ எந்த மூலையோ. வந்தது, வாசல்வரைக்கும் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போய்விட்டது. மொட்டைமாடியில் துணி எடுக்கப் போய் ஒரு மணி நேரம் போன் பேசிக்கொண்டிருந்தாளே, அவன்தான். எவனாக இருந்தால் என்ன. சாயங்காலம் வந்து டீ போட்டீங்களாப்பா என்று கேட்டால் போதும். வராவிட்டாலும், எங்கேயோ இருந்து கேட்டால் போதும். இதை எல்லாம் யோசித்து வர அவருக்கு ஒரு மணி நேரம் ஆகியிருக்கிறது. தம்பிக்கு ஒரு மூச்சுகூட ஆகவில்லை. பையைக் கேட்டான். கூட யார் என்று கேட்டான்.

வளர்மதி என்று ஒரு பெண் இருந்தாள், பெரியப்பாவின் பேத்தி. நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு பையனோடு கிளம்பிப் போனாள், கரூரில் இருப்பதாகத் தகவல் வந்தது, பேசிப் பக்குவமாகக் கூட்டி வருகிறேன் என்று இரண்டு பேரோடு வண்டி எடுத்துக்கொண்டு போனவன் ஆறுக்குட்டி. கூட்டியும் வந்தான். மூன்றாம் நாள் வயிற்று வலி தாங்காமல் கிணற்றில் விழுந்துவிட்டாள் என்றார்கள், மத்தியானத்துக்குள் எடுத்து எரித்தாயிற்று. சென்னியப்பனும் மகளோடு போயிருந்தார். எட்ட நின்று மாலையை யாரிடமோ கொடுத்துவிட்டு வந்தார். நிலையத்தில் கேட்டவர்களிடம் வயிற்று வலி என்றார், டீக்கடையில் வயிற்று வலி என்றார், மூன்றாவது ஆளிடம் சொல்லும்போது தனக்கே அது நிஜமாகிவிட்டதைக் கவனித்தார். திரும்பி வருகிற பஸ்ஸில் சிந்துஜா மட்டும், "வயித்து வலிக்கு ஆராச்சும் கெணத்துல உழுவாங்களாப்பா?" என்று கேட்டாள். "பேசாம வா" என்றார். அவளும் பேசாமல் வந்தாள். அன்றிலிருந்து நாலு வருஷம் பேசாமலேதான் வந்துகொண்டிருந்திருக்கிறாள், சாப்பாடு, டீ, மாத்திரை, கரண்ட் பில் என்று ஆயிரம் பேசிக்கொண்டே. புள்ளி ஏழில் அந்தப் பேசாம வாவும் இருக்கிறது. அதைத்தான் அவர் தம்பியிடம் படித்துக் காட்டியிருக்கிறார், தன் வாயால், எண்ணோடு, பஸ் நேரத்தோடு. பின்னால் கூப்பிடக் கூடாது என்பதற்காக. முட்டாள் என்று சொன்னார், சத்தமாக, பீரோ கண்ணாடியைப் பார்த்து. ஆறுக்குட்டிக்குப் போன் போட்டார். மணி அடித்துக்கொண்டே இருந்தது. மறுபடி போட்டார். மூன்றாம் தடவை முழுக்க அடித்து ஓய்ந்தது. வேலையில் இருப்பான். ரிக் இரைச்சலில் கேட்டிருக்காது. ரிக்கைத்தான் நிறுத்திவிட்டானே. ஷெட்டில் வேலை செய்கிற யாருடைய நம்பரும் தன்னிடம் இல்லை என்பது அப்போதுதான் தெரிந்தது. இனி மிச்சம் அம்மணி என்ற பெயர்தான். அவள் போய்ச் சேருகிற இடம் எது, எந்த ஊர், எத்தனை மணிக்கு, தெரியாது, கூப்பிட்டால் பாதியாகும், பாதியானால் ஆகட்டும், திரும்பி வரவே வேண்டாம், எங்கேயும் இறங்காதே, அவனைக் கூட்டிக்கொண்டு எங்கேயாவது தூரமாகப் போய்விடு என்று சொல்லவேண்டும். அதைச் சொல்ல ஒரு சொல் வேண்டுமே. போ என்று பெற்ற பிள்ளையிடம் எப்படிச் சொல்வது. போயிட்டு வா என்றுதான் நாக்கு திரும்புகிறது. கட்டைவிரலை அவள் பெயருக்கு மேல் கொண்டுபோகும்போதே போன் அடித்தது, அவள்தான்.

"அப்பா, நான்தானுங்க." பஸ் சத்தம் இல்லை, ரோட்டில் லாரிகள் போகிற சத்தம். "டோல்கேட்டைத் தாண்டி ஆலங்காட்டுப் பிரிவுல எறங்கிட்டனுங்க. ஒரு மணி நேரமா ஸ்டாப்புலயேதான் உக்காந்திருக்கறேன். உங்ககிட்டச் சொல்லாம போயரலாம்னுதான் கெளம்பினேன். முடியலீங்க. ஊட்டுக்கே வர்றேன். வந்து எல்லாத்தையும் சொல்றேன். வையறதுன்னா வையுங்க."

"நான் எதுக்குக் கண்ணு வையறேன்" என்றார்.

அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு சிரித்தாள். "இதா, சித்தப்பா வண்டி வந்து நிக்குதுங்க. நீங்க சொல்லி உட்டீங்களா? அதுலயே ஏறி வந்தர்றனுங்கப்பா."

வந்தர்றனுங்கப்பா. பத்து. ஒன்பது புள்ளி ஒன்பது இல்லை, பத்து. முப்பத்தொரு வருஷத்தில் எத்தனை ஆயிரம் பேரை நிற்க வைத்தும் அவர் காதில் விழாத பத்து, பொங்கப் போகிற பாலுக்கு முன்னால் ஓடி வந்துவிடுகிற பத்து, அவர் வீட்டை நோக்கி, அவரை நோக்கி. அவர் அதைக் கேட்டுக்கொண்டு நின்றார். தவறு அங்கேதான். ஏறாதே என்று சொல்லவேண்டிய நேரத்தில், ஒரு நொடி, இரண்டு நொடி, தொழில்காரக் காது அந்தச் சொல்லை அணு அணுவாக ருசித்துக்கொண்டு நின்றது. வாய் வேலைக்கு வரவில்லை. வண்டிக் கதவு திறக்கிற சத்தமும், ஏதோ கேட்டு அவள் பதில் சொல்கிற சத்தமும் வந்தன. "அம்மணி, வண்டியில ஏறாத" என்று அவர் சொன்னபோது போன் கை மாறியிருந்தது.

"அண்ணா" என்றான் ஆறுக்குட்டி. எப்போதும்போல மரியாதையான குரல், கொஞ்சம்கூட அவசரம் இல்லை. "நானே கூட்டியாறனுங்ணா. நீங்க ஊட்டுலயே இருங்க."

காது தன்பாட்டுக்கு அளந்தது. கூட்டியாறேன் என்ற சொல்லைப் பிரித்து உள்ளே பார்த்தது, வருவது எங்கேயாவது ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று தேடியது. ஒன்றுமில்லை. புள்ளி ஏழு இல்லை, புள்ளி ஒன்று இல்லை, பொய் சொல்கிறவன் குரலில் இருக்கிற சின்ன நடுக்கம்கூட இல்லை, சுத்தமான பூஜ்யம். உயிருள்ள ஒருவர் வாயிலிருந்து பூஜ்யம் வந்து அவர் கேட்டதில்லை. "ஆறுக்குட்டி, புள்ளைகிட்டப் போனைக் குடுடா, என்ற புள்ளைகிட்டக் குடு" என்று அவர் கெஞ்சியதைக் கேட்க அந்தப் பக்கம் யாரும் இல்லை, லைன் போயிருந்தது.